ஓடுகிற ஃபிரிட்ஜை மாற்றினால் கார்பன் குறையுமா?

உங்கள் கேள்வியை ஒருமுறை திருப்பிச் சொல்கிறேன், சரியாகப் புரிந்துகொண்டேனா பாருங்கள். வீட்டில் 12 வருடமாக ஓடும் ஃபிரிட்ஜ் இருக்கிறது, பழுது எதுவும் இல்லை. வாஷிங் மெஷின் சுற்றும்போது கடகடவென்று சத்தம் போடுகிறது. ஏசிக்கு இரண்டு வருடத்துக்கு ஒரு தடவை கேஸ் ஏற்ற வேண்டியிருக்கிறது. எல்லாவற்றையும் ஒரேயடியாகத் தூக்கிவிட்டு, மின்சாரம் குறைவாக இழுக்கும் புது மாடல்களை வாங்கினால் கார்பன் தடம் குறையுமா, இல்லை, புதுப்பெட்டியைச் செய்து கொண்டுவந்து இறக்குவதற்குள் வெளியாகும் புகையே அந்த மிச்சத்தை விழுங்கிவிடுமா என்று கேட்டிருக்கிறீர்கள். கேள்வி ஃபிரிட்ஜைப் பற்றியது போலத் தெரிந்தாலும், என் கண்ணில் பட்டது நீங்கள் போகிறபோக்கில் எழுதிய அந்த ஏசி கேஸ் விஷயம்தான். உங்கள் கணக்கில் பெரிய ஓட்டை அங்கேதான் இருக்கிறது. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

நான் இருபது வருடத்துக்கு மேலாக ஃபிரிட்ஜ், ஏசி பழுது பார்க்கிறவன். நடுவில் மின்சிக்கனத் தணிக்கைக்குப் பயிற்சி எடுத்து, அந்த வேலையும் கொஞ்ச காலம் செய்தேன். அதனால் இயந்திரம் ஓடும்போது என்ன நடக்கிறது என்பதைக் கையால் தொட்டுப் பார்த்த தைரியத்தில் சொல்வேன். தொழிற்சாலையில் வெளியாகும் கார்பன் கணக்கு நான் போட்டதல்ல, ஒரு பொருளைச் செய்வதிலிருந்து குப்பையில் போடுவது வரை ஆகும் கார்பனைக் கூட்டிப் பார்க்கும் வாழ்நாள் ஆய்வுகளை மற்றவர்கள் செய்திருக்கிறார்கள், அவற்றைப் படித்துத் தெரிந்துகொண்டது. அந்த ஆய்வுகளுக்கு ஐஎஸ்ஓ என்ற சர்வதேசத் தர அமைப்பின் 14040, 14044 என்று பொதுவான விதிமுறைகள் இருக்கின்றன. ஆனால் எங்கே தொடங்கி எங்கே முடிப்பது என்ற எல்லையை ஆய்வு செய்கிறவரே வகுத்துக்கொள்ளலாம். ஒருவர் இரும்புத் தாது வெட்டுவதிலிருந்து ஆரம்பிப்பார், இன்னொருவர் பழைய பெட்டியை உருக்கியதில் மிச்சமானதைக் கழித்துக்கொள்வார். அதனால் ஒரே மாதிரிப் பெட்டிக்கு இரண்டு மடங்கு வித்தியாசம் வந்தாலும் ஆச்சரியப்படாதீர்கள். கீழே நான் தரும் தயாரிப்பு எண்களைப் பாதியாக்கியும் இரட்டிப்பாக்கியும் பாருங்கள். அப்படியும் மாறாத முடிவை மட்டும் நம்புங்கள்.

சரி, ஃபிரிட்ஜ். நடுத்தர அளவுள்ள ஒரு பெட்டியைச் செய்ய சுமார் 200 முதல் 350 கிலோ கார்பன் டை ஆக்சைடுக்குச் சமமான வாயுக்கள் வெளியாகின்றன என்று பெரும்பாலான ஆய்வுகள் சொல்கின்றன. இதில் பெரும்பங்கு உலோகத்துக்கும் பிளாஸ்டிக்குக்கும்தான். ஒரு கிலோ எஃகுக்கு ஏறக்குறைய 2 கிலோ. தாதுவிலிருந்து எடுக்கும் அலுமினியம் என்றால் உலக சராசரி கிலோவுக்கு 15 கிலோவை ஒட்டி இருக்கும். பழைய அலுமினியத்தை உருக்கி எடுத்தால் அதற்குத் தேவைப்படும் ஆற்றல் இருபதில் ஒரு பங்குதான். கப்பலில் எங்கிருந்தோ வருகிறதே என்று பலர் கவலைப்படுகிறார்கள், அது வீண் கவலை. சரக்குக் கப்பலில் ஒரு டன்னை ஒரு கிலோமீட்டர் நகர்த்த 10 முதல் 20 கிராம் கார்பன் டை ஆக்சைடு வெளியாகும். 60 கிலோ பெட்டி 10,000 கிலோமீட்டர் கடந்து வந்தாலும் 6 முதல் 12 கிலோதான். விமானத்தில் வந்தால் கதை வேறு. ஃபிரிட்ஜை யாரும் விமானத்தில் அனுப்புவதில்லை.

இப்போது ஓட்டத்துக்கு வருவோம். உங்கள் பழைய பெட்டி ஒரு நாளைக்கு 1.6 யூனிட் எடுக்கிறது, அதே அளவுள்ள புதுப்பெட்டி 0.6 யூனிட் எடுக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாளுக்கு ஒரு யூனிட், வருடத்துக்கு 365 யூனிட் மிச்சம். நிலக்கரி அதிகம் எரிக்கும் மின்கட்டமைப்பில் ஒரு யூனிட்டுக்கு 0.7 கிலோ என்று எடுத்தால் வருடத்துக்கு 255 கிலோ குறைகிறது. புதுப்பெட்டி செய்ய ஆன கார்பன் கடன் ஒரு வருடத்திலோ ஒன்றரை வருடத்திலோ அடைந்துவிடும். தயாரிப்பு எண்ணை இரட்டிப்பாக்கினாலும் மூன்று வருடத்துக்குள் முடிந்துவிடும், ஆக மாற்றலாம். ஆனால் இதே பெட்டி நீர்மின்சாரம் மட்டுமே ஓடும் ஊரில் இருந்தால், யூனிட்டுக்கு 0.03 கிலோ என்றால், வருடத்துக்கு 11 கிலோதான் குறையும். கடனை அடைக்க 18 முதல் 32 வருடம் ஆகும், அதற்குள் புதுப்பெட்டியே மண்டையைப் போட்டிருக்கும். நிலக்கரி ஊரிலேயே இருந்தாலும் பழையது 0.9 யூனிட், புதியது 0.7 யூனிட் என்றால் வருடத்துக்கு 51 கிலோதான் மிச்சம், நான்கிலிருந்து ஏழு வருடம் ஆகும். அங்கே நான் மாற்றச் சொல்ல மாட்டேன். இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள். தயாரிப்புப் புகை இன்றைக்கே மொத்தமாக வெளியே போய்விடுகிறது, மிச்சமோ வருடக்கணக்கில் துளித்துளியாக வருகிறது. இடையில் மின்சாரம் சுத்தமாகிக்கொண்டே வந்தால் அந்தத் துளியும் சிறுத்துக்கொண்டே போகும்.

எனவே பெட்டியின் வயது முக்கியமில்லை, அது உண்மையில் எத்தனை யூனிட் இழுக்கிறது என்பதுதான் முக்கியம். அமெரிக்காவில் 1970களின் நடுவில் ஒரு சராசரி ஃபிரிட்ஜ் வருடத்துக்கு 1,800 யூனிட் எடுத்தது, இன்று அங்கே அதைவிடப் பெரிய பெட்டியே 500 யூனிட்டுக்குள் அடங்கிவிடுகிறது. இந்த மாதிரிக் கதையைக் கேட்டுத்தான் பழையது என்றாலே மின்சாரம் தின்னும் என்ற எண்ணம் வந்தது. அந்தப் பெரிய சரிவு முன்பே நடந்து முடிந்துவிட்டது, 12 வருடப் பெட்டியை அந்தக் கணக்கில் சேர்க்கக்கூடாது. சுவர் பிளக்குக்கும் பெட்டிக்கும் நடுவில் செருகும் சின்ன மீட்டர் ஒன்றை வாங்கியோ இரவல் பெற்றோ ஒரு வாரம் மாட்டிவையுங்கள். ஒரு மணி நேரம் பார்த்து முடிவு செய்யாதீர்கள், கம்ப்ரசர் ஓடும், நிற்கும், நடுவில் பனி உருக்கும் ஹீட்டர் வேறு வேலை செய்யும். குறைந்தது இரண்டு நாளாவது ஓடவிட்டால்தான் சராசரி பிடிபடும்.

அளந்த எண் அதிகமாக வந்தாலும் உடனே கடைக்குக் கிளம்பாதீர்கள். ஒரு வீட்டில் 2.4 யூனிட் காட்டியது. பெட்டியைச் சுவரிலிருந்து இழுத்துப் பார்த்தேன். பின்பக்கக் கருப்புக் கம்பிச்சுருளின் மேல் தூசு போர்வை மாதிரி படிந்திருந்தது, விரலால் உரித்தால் ஒரே துண்டாகக் கையோடு வருகிற அளவுக்கு. கதவின் கீழ் ரப்பர் விறைத்துப்போய் மூலையில் நூல் அளவு இடைவெளி இருந்தது. தூசியைத் துலக்கி, ரப்பரை மாற்றி, சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வைத்துவிட்டு வந்தேன். அடுத்த வாரம் மீட்டர் 1.5 யூனிட் காட்டியது. இது ஒரு வீட்டின் எண், எல்லா வீட்டிலும் இப்படிக் குறையும் என்று சொல்லவில்லை. ரப்பரை நீங்களே சோதிக்கலாம். ஒரு காகிதத்தைக் கதவிடுக்கில் வைத்து மூடி இழுங்கள், பிடிப்பில்லாமல் வழுக்கிக்கொண்டு வந்தால் அந்த இடத்தில் ரப்பர் போய்விட்டது. நான்கு பக்கமும் இழுத்துப் பாருங்கள். புது மாடல்கள் பலவற்றில் அந்தக் கம்பிச்சுருள் பக்கச்சுவருக்குள் ஒளிந்திருக்கும், அதனால்தான் பக்கவாட்டைத் தொட்டால் சுடுகிறது. அதைத் துடைக்க வேண்டியதில்லை, ஆனால் இரண்டு பக்கமும் காற்றுக்கு இடம் விட வேண்டும். உள்ளே 3 முதல் 5 டிகிரியும், ஃப்ரீசரில் மைனஸ் 18 டிகிரியும் போதும். அதற்குக் கீழே திருகினால் மீட்டர்தான் ஓடும்.

மாற்றுவது என்றே முடிவு செய்தால் ஒரு விஷயத்தில் ஏமாந்துவிடாதீர்கள். மின்சிக்கன முத்திரையில் இருக்கும் நட்சத்திரமோ எழுத்தோ அந்த அளவுப் பெட்டிகளுக்குள் ஒப்பிட்டுத் தரப்படுவது. அதிக நட்சத்திரம் வாங்கிய பெரிய பெட்டி, குறைவாக வாங்கிய சின்னப் பெட்டியைவிடக் கூடுதல் மின்சாரம் எடுக்கலாம். கீழே வருடத்துக்கு இத்தனை யூனிட் என்று ஓர் எண் அச்சாகியிருக்கும், அதைப் பாருங்கள். அப்புறம் பழையதை உபரியாக இருக்கட்டும் என்று பின்னறைக்குத் தள்ளிவிடாதீர்கள். இதை நான் எத்தனையோ வீடுகளில் பார்த்துவிட்டேன். புதுசு வந்தபின் இரண்டும் ஓடும், பழையதில் நான்கு தண்ணீர் பாட்டில் இருக்கும், கணக்கு முன்பைவிட மோசமாகியிருக்கும்.

இனி அந்த ஏசி. ஏசிக்குள் இருக்கும் கேஸ் பெட்ரோல் மாதிரி ஓட ஓடத் தீர்கிற பொருள் இல்லை. மூடிய குழாய்க்குள் அதே கேஸ்தான் சுற்றிச் சுற்றி வருகிறது. ஒரு தடவை நிரப்பினால் இயந்திரத்தின் ஆயுள் முழுக்க அது குறையக்கூடாது. இரண்டு வருடத்துக்கு ஒருமுறை ஏற்றுகிறீர்கள் என்றால் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை அவ்வளவும் காற்றில் கலந்திருக்கிறது என்று அர்த்தம். ஆர்-410ஏ என்ற கேஸ் ஒரு கிலோ வெளியேறினால், நூறு வருடக் கணக்கில், 2,088 கிலோ கார்பன் டை ஆக்சைடு வெளியேறியதற்குச் சமம். வீட்டு ஸ்பிளிட் ஏசி ஒன்றில் ஏறக்குறைய ஒரு கிலோ இருக்கும். அந்த ஏசி வருடத்துக்கு 1,000 யூனிட் இழுத்தாலும் நிலக்கரி மின்சாரத்தில் 700 கிலோதான். அதாவது ஒரு முழுக் கசிவு, மூன்று வருடம் ஓட்டியதற்கு ஈடு. பழைய ஆர்-22 கேஸ் என்றால் கார்பன் டை ஆக்சைடைப் போல 1,810 மடங்கு, ஓசோனுக்கும் கேடு. ஆர்-32 என்றால் 675 மடங்கு, ஒரு இயந்திரத்துக்குத் தேவைப்படும் அளவும் கொஞ்சம் குறைவு. புரொப்பேன் என்கிற ஆர்-290 ஒற்றை இலக்கத்தில் முடிந்துவிடும், ஆனால் தீப்பிடிக்கும் என்பதால் எவ்வளவு நிரப்பலாம் என்று வரம்பு வைத்திருக்கிறார்கள். 1987ல் கையெழுத்தான மாண்ட்ரியல் ஒப்பந்தம் ஓசோனைக் காக்க வந்தது, அதில் 2016ல் ருவாண்டாவின் கிகாலி நகரில் சேர்த்த திருத்தம் இந்தப் புவி சூடாக்கும் கேஸ்களைப் படிப்படியாகக் குறைக்க வந்தது. ஒப்பந்தம் புதிதாக வரும் கேஸைக் குறைக்கும். உங்கள் சுவரில் ஏற்கெனவே தொங்குவதை நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கசிவு பெரும்பாலும் எங்கே இருக்கும் தெரியுமா? வெளி யூனிட்டின் பக்கவாட்டில் இரண்டு செம்புக்குழாய்கள் பித்தளை நட்டு போட்டு இணைந்திருக்கும். அங்கே எண்ணெய்ப் பிசுக்கும் அதன்மேல் ஒட்டிய தூசியும் தெரிந்தால் சந்தேகமே வேண்டாம், கேஸ் கசியும்போது கம்ப்ரசர் எண்ணெயையும் கூடவே இழுத்து வந்திருக்கிறது. சோப்பு நுரையைத் தடவினால் குமிழ் விடும். அந்தச் செம்பு முனையை வெட்டிப் புதிதாக விரித்து இறுக்கினால் பல இடங்களில் பிரச்சினை தீர்ந்துவிடும். வருகிற மெக்கானிக் கசிவைத் தேடாமல் நேராக சிலிண்டரை மாட்டினால் தடுத்துவிடுங்கள். முறை இதுதான்: மிச்சக் கேஸைக் காலி சிலிண்டரில் இறக்கிக்கொள்ள வேண்டும், நைட்ரஜன் அடைத்துக் கசிவு பார்த்துச் சரிசெய்ய வேண்டும், வேக்குவம் பம்ப் போட்டுக் காற்றை உறிஞ்ச வேண்டும், பிறகு எடை போட்டு நிரப்ப வேண்டும். எங்கள் தொழிலில் இதைச் செய்ய சோம்பல்படுகிறவர்கள் அதிகம், நானும் ஆரம்ப வருடங்களில் நட்டைத் தளர்த்திப் புஸ்ஸென்று விட்டவன்தான், அப்போது அது என்னவென்றே தெரியாது. வீடு மாற்றும்போதும் கவனம் வேண்டும். ஏசியைக் கூலிங்கில் ஓடவிட்டு மெல்லிய குழாயின் வால்வை முதலில் மூடி, அழுத்தம் இறங்கியதும் தடித்த குழாயின் வால்வையும் மூடி உடனே நிறுத்தினால் கேஸ் மொத்தமும் வெளி யூனிட்டுக்குள் பத்திரமாக அடைந்துவிடும். விவரம் தெரிந்தவருக்கு ஐந்து நிமிட வேலை.

இதே கணக்கு ஃபிரிட்ஜுக்கும் உண்டு, ஆனால் சின்னது. ஆர்-134ஏ கேஸ் உள்ள பெட்டியில் 120 கிராம் இருந்தால் அது 170 கிலோ கார்பன் டை ஆக்சைடுக்குச் சமம். ஐசோபியூட்டேன் என்கிற ஆர்-600ஏ என்றால் 50 கிராம் போதும், மொத்தமும் வெளியேறினாலும் அந்தக் கணக்கு 150 கிராமுக்கு மேல் வராது. எது என்று பின்பக்க ஸ்டிக்கரில் எழுதியிருக்கும். 1990களின் நடுப்பகுதிக்கு முந்தைய பெட்டி ஏதாவது சொந்தக்காரர் வீட்டில் இன்னும் இருந்தால், அதன் சுவருக்குள் குளிரைக் காக்கும் நுரையே சிஎஃப்சி-11 என்ற, ஓசோனைக் கெடுக்கும் வாயு கொண்டு ஊதியதாக இருக்கலாம். அது 4,750 மடங்கு, ஒரு பெட்டியின் நுரையில் நூற்றுக்கணக்கான கிராம் அடைந்திருக்கும். அப்படிப்பட்ட பெட்டியைச் சம்மட்டியால் உடைத்தால் பல வருட மின்சார மிச்சம் ஒரே பிற்பகலில் பறந்துவிடும். பழைய இரும்பு எடுப்பவர் முதலில் வெட்டுவது கம்ப்ரசர் குழாயைத்தான். கேஸை இறக்கித் தரும் அங்கீகாரம் பெற்ற மறுசுழற்சியாளரிடம் கொடுங்கள். 2022ல் உலகம் முழுக்கச் சேர்ந்த மின்னணுக் கழிவு 6.2 கோடி டன், முறைப்படி சேகரித்து மறுசுழற்சி செய்யப்பட்டது 22.3 சதவீதம்தான் என்று ஐ.நா. ஆதரவில் வந்த 2024 அறிக்கை சொல்கிறது. ஆர்-600ஏ பெட்டியை நீங்களே வெட்ட மட்டும் முயலாதீர்கள், அது எரியும் வாயு.

வாஷிங் மெஷின் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை, அதற்கு டிரம்மைச் சுற்றுவதைவிடத் தண்ணீரைச் சுடவைப்பதில்தான் மின்சாரம் போகிறது. 15 லிட்டரை 25 டிகிரியிலிருந்து 60 டிகிரிக்கு ஏற்ற 0.6 யூனிட் ஆகும், மோட்டாருக்கு அதில் கால் பங்கு இருந்தால் அதிகம். குளிர்ந்த நீரில் துவைத்தால் பழைய மெஷினுக்கும் புதுசுக்கும் உள்ள வித்தியாசம் கிட்டத்தட்ட காணாமல் போய்விடும், அப்படியானால் மாற்ற ஒரு காரணமும் இல்லை. உங்களுடைய கடகட சத்தம் அநேகமாக பேரிங். டிரம்மைக் கையால் மேலும் கீழும் ஆட்டிப் பாருங்கள், ஆட்டம் இருந்தால் அதுதான். பேரிங் மாற்றினால் இன்னும் பல வருடம் ஓடும். ஒரே சிக்கல், சில மாடல்களில் வெளித்தொட்டியை ஒட்டிச் சீல் வைத்துவிடுகிறார்கள், திறக்கவே முடியாது. ஐரோப்பிய ஒன்றியத்தில் 2021 மார்ச் முதல் வாஷிங் மெஷின் உதிரிபாகங்கள் 10 வருடம் கிடைக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. எந்த ஊரானாலும் வாங்கும்போது உதிரிபாகம் எத்தனை வருடம் கிடைக்கும், தொட்டியைக் கழற்ற முடியுமா என்று இரண்டு கேள்வி கேளுங்கள். துணி உலர்த்தும் இயந்திரம் இருந்தால் அதுதான் பெரிய தீனிக்காரன், ஒரு தடவைக்கு 2 முதல் 4 யூனிட். சூட்டை வீணாக்காமல் திரும்பப் பயன்படுத்தும் ஹீட் பம்ப் வகை அதில் ஏறக்குறைய பாதி எடுக்கும், கொடிக்கயிறு ஒன்றும் எடுக்காது.

நீங்கள் கேட்காத இரண்டு பொருள்களையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இவை இரண்டும் எதிரெதிர்த் திசையில் போகின்றன. சீலிங் ஃபேன் பழைய வகை 75 வாட், பிஎல்டிசி என்கிற, கார்பன் பிரஷ் இல்லாத மோட்டார் வகை 30 வாட். தினமும் 10 மணி நேரம் ஓடினால் வருடத்துக்கு 160 யூனிட்டுக்கு மேல் மிச்சம். ஃபேனில் இருக்கும் உலோகம் சில கிலோதான் என்பதால் தயாரிப்புக் கடன் சீக்கிரம் அடைந்துவிடும். நிலக்கரி மின்சாரம் உள்ள இடத்தில் ஓடுகிற ஃபேனைக் கழற்றிவிட்டு மாற்றுவதுகூடச் சரிதான். செல்போன் நேர்மாறு. அதன் கார்பனில் ஏறக்குறைய 80 சதவீதம் கைக்கு வருவதற்கு முன்பே வெளியாகிவிட்டது. ஒரு வருடம் சார்ஜ் செய்ய ஆறேழு யூனிட் ஆனால் பெரிது, அதில் எவ்வளவு மிச்சம் பிடித்தும் பயனில்லை. பேட்டரியை மாற்றி இன்னும் இரண்டு வருடம் ஓட்டுவதுதான் அங்கே ஒரே வழி. லேப்டாப்பும் அப்படியே. டிவி நடுவில் நிற்கிறது. பெரிய திரையாகவும் நாள் முழுக்க ஓடுவதாகவும் இருந்தால் ஓட்டம்தான் பாரம், எப்போதாவது பார்ப்பதென்றால் தயாரிப்புதான் பாரம்.

இதில் எனக்கே உறுதி இல்லாத இடங்களும் உண்டு. ஏசி வெப்பத்தை ஒரு டிகிரி கூட்டினால் 6 சதவீதம் மிச்சம் என்று எல்லோரும் சொல்கிறார்கள். நான் அளந்த வீடுகளில் அது 3லிருந்து 10 வரை அலைந்தது, ஜன்னல், மேல்மாடி வெயில், ஆள் எண்ணிக்கை எல்லாம் அதை மாற்றும். ஆப் மூலம் இயக்கும் ஸ்மார்ட் வசதிகள் மிச்சம் பிடிக்கின்றனவா என்பதிலும் எனக்குச் சந்தேகம்தான். எப்போதும் விழித்திருக்கும் ஒரு வாட் சமாச்சாரமே வருடத்துக்கு 8.76 யூனிட் எடுக்கும் என்பது மட்டும் நிச்சயம். கார்பனே இல்லாத தயாரிப்பு என்று பெட்டியில் அச்சடித்திருந்தால் நான் அதைக் கணக்கில் எடுப்பதில்லை. பெரும்பாலும் வேறெங்கோ மரம் நட்டதைக் கழித்திருப்பார்கள்.

ஆகவே உங்கள் வீட்டில் முதலில் ஏசி கசிவை அடைத்துவிடுங்கள், அதுவும் அடுத்த தடவை கேஸ் தீரும்வரை காத்திருக்காமல் இப்போதே. உள் யூனிட்டில் காற்றைக் குளிர்விக்கும் ஆவியாக்கிச் சுருளே அரித்துப்போய்ப் பல இடங்களில் கசிகிறது என்று மெக்கானிக் காட்டினால் அப்போது புது ஏசி வாங்குவது நியாயம், ஆர்-32 அல்லது ஆர்-290 உள்ளதாகப் பாருங்கள், பழையதிலிருந்து கேஸை எதில் இறக்கப் போகிறீர்கள் என்று கழற்றும் முன்பே கேளுங்கள். வாஷிங் மெஷினுக்கு பேரிங். ஃபிரிட்ஜுக்கு ஒரு வார மீட்டர் கணக்கும், பெட்டியின் லிட்டர் அளவும், உங்கள் பகுதி மின்சாரம் பெரும்பாலும் எதிலிருந்து வருகிறது என்பதும் தெரிந்தால் இங்கேயே எழுதுங்கள், கூட்டிக் கழித்துச் சொல்கிறேன்.